கிராண்ட்மாஸ்டர், ரேட்டிங், உலகப் பட்டம்: நெல்லைப் பக்கத்துப் பெற்றோரும் பிள்ளைகளும் கேட்கும் கேள்விகள்

2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் குகேஷ் உலக சாம்பியன் ஆனார். அதன்பின் சதுரங்கச் செய்திகள் பத்திரிகைகளின் முதல் பக்கத்துக்கே வந்துவிட்டன. "நார்ம்", "லைவ் ரேட்டிங்", "கேண்டிடேட்ஸ்" என்று சொற்கள் வந்து விழுகின்றன. விளக்கம் மட்டும் வருவதில்லை. பாளையங்கோட்டை, அம்பாசமுத்திரம், தென்காசி, திருச்செந்தூர் என்று நம் வட்டாரத்தில் பிள்ளைகளைச் செஸ் வகுப்பில் சேர்த்திருக்கும் வீடுகளுக்காக இந்தப் பக்கம். பெரிய வீரர்கள் நடந்த பாதையைச் சரியாகப் படிக்கத் தெரிந்தால்தான் நம் பிள்ளையின் அடுத்த ஆண்டைத் திட்டமிட முடியும். அப்படிப் படிக்கும்போது முதலில் கேட்க வேண்டியது: எத்தனை கோப்பை என்பதல்ல, யாரை எதிர்த்து ஆடினார் என்பது.

கிராண்ட்மாஸ்டர், உலக சாம்பியன், உலக நம்பர் ஒன்: மூன்றும் ஒன்றுதானே?

மூன்றும் வேறு வேறு. கிராண்ட்மாஸ்டர் என்பது ஃபிடே என்ற உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு கொடுக்கும் பட்டம். ஒருமுறை கிடைத்தால் ஆயுள் முழுக்க நிற்கும். பின்னால் ஆட்டம் சரிந்தாலும் பறிபோகாது. உலக சாம்பியன் என்பது ஒரு குறிப்பிட்ட தொடரில் வென்றவர். அடுத்த தொடரில் தோற்றால் "முன்னாள்" ஆகிவிடுவார். நம்பர் ஒன் என்பது மாதந்தோறும் வரும் ரேட்டிங் பட்டியலில் முதலிடம். ரேட்டிங் என்பது ஒருவரின் ஆட்ட வலிமையைக் காட்டும் எண்; மாதப் பட்டியலுக்குக் காத்திராமல் ஆட்டத்துக்கு ஆட்டம் கணக்கிட்டுச் சொல்வது லைவ் ரேட்டிங்.

2024 டிசம்பரையே எடுத்துக்கொள்ளுங்கள். சாம்பியன் ஆனவர் குகேஷ். ஆனால் நம்பர் ஒன் நார்வேயின் மேக்னஸ் கார்ல்சன். அவர் 2023 போட்டியில் உலகப் பட்டத்தைக் காக்க ஆட மாட்டேன் என்று 2022-லேயே சொல்லி விலகியவர். அதே மாதப் பட்டியலில் 2800-ஐத் தாண்டியிருந்த இந்தியர் அர்ஜுன் எரிகைசி. அவர் உலகப் பட்டப் போட்டியில் ஆடவே இல்லை. சாம்பியன் ஒருவர், நம்பர் ஒன் வேறொருவர், ரேட்டிங்கில் முதல் இந்தியர் இன்னொருவர்; மூவருமே கிராண்ட்மாஸ்டர்கள். அதில் முரண் எதுவும் இல்லை.

ரேட்டிங் எப்படிக் கூடுகிறது, எப்படிக் குறைகிறது? கணக்காகச் சொல்லுங்கள்.

இந்த முறையை வகுத்தவர் அர்பாத் ஈலோ என்ற அமெரிக்க இயற்பியல் பேராசிரியர். ஃபிடே இதை 1970-ல் ஏற்றது. இரண்டு பேருக்கும் உள்ள ரேட்டிங் இடைவெளியைப் பார்த்து, "இவர் சராசரியாக இத்தனை புள்ளி எடுக்க வேண்டும்" என்று ஓர் எதிர்பார்ப்பு வைக்கப்படுகிறது. இடைவெளி 100 என்றால் உயர்ந்தவருக்கு 0.64, 200 என்றால் 0.76; 400 என்றால் 0.92. எடுத்த புள்ளியில் இருந்து எதிர்பார்ப்பைக் கழித்து, 'கே' என்ற எண்ணால் பெருக்க வேண்டும், அவ்வளவுதான்.

கிளாசிகல் எனப்படும் நீண்ட நேர ஆட்டத்தில் புதியவருக்கு முதல் 30 ஆட்டம் முடியும்வரை கே 40. 18 வயது நிறையும் ஆண்டின் முடிவுவரை, 2300-க்குக் கீழே இருந்தால், அதே 40. மற்றவர்களுக்கு 20. ஒருமுறை 2400-ஐ எட்டியவருக்கு அதன்பிறகு எப்போதும் 10.

1500 ரேட்டிங் உள்ள பையன் 1600 ரேட்டிங் உள்ளவரை வென்றால் (1 − 0.36) × 40 = 25.6 புள்ளி ஏறும். டிரா செய்தால் 5.6 ஏறும். தோற்றால் 14.4 இறங்கும். அதே பையன் 1900 ரேட்டிங்கோடு 1500 ரேட்டிங் ஆளிடம் உட்கார்ந்தால்? வென்றாலும் 3.2தான் ஏறும். டிரா ஆனால் 16.8 போகும், தோற்றால் 36.8 போகும். உள்ளூரில் எளிதாகப் பரிசு கிடைக்கும் போட்டியாகத் தேடித் தேடி ஆடும் நல்ல பிள்ளைகளின் ரேட்டிங் ஏன் நகராமல் நிற்கிறது என்பதற்கு விடை இந்தக் கணக்கில் இருக்கிறது. மேலே உள்ளவர்களோடு ஆடித் தோற்பது மலிவு. கீழே உள்ளவர்களோடு ஆடித் தடுக்கி விழுவது மிக விலை உயர்ந்தது.

2400-க்கு மேல் ஏறுவது ஏன் அவ்வளவு கடினம் என்பதும் இதிலேயே தெரியும். கே 10 ஆகிவிட்டால், தனக்குச் சமமானவரை வென்றாலும் 5 புள்ளிதான். 100 புள்ளி ஏற, தோல்விகளை விட 20 வெற்றி கூடுதலாக வேண்டும், அதுவும் சமபலம் உள்ளவர்களிடம்.

கிராண்ட்மாஸ்டர் ஆவதற்கு என்னென்ன வேண்டும்?

இரண்டு கதவு. ஒன்று, ரேட்டிங் 2500-ஐ ஒருமுறையாவது தொட வேண்டும். ஒரு போட்டியின் நடுவில் தொட்டு இறங்கினாலும் ஏற்பார்கள். இரண்டாவது, நார்ம். மொத்தம் 27 ஆட்டங்களுக்கு நார்ம் கணக்கு வர வேண்டும். ஒரு நார்முக்குக் குறைந்தது 9 ஆட்டம் என்பதால் நடைமுறையில் மூன்று நார்ம்.

ஒரு நார்ம் என்பது, ஒரு போட்டியில் 2600 தரத்தில் ஆடிக் காட்டியதற்கான சான்று. எதிராளிகளின் சராசரி ரேட்டிங்கோடு, எடுத்த புள்ளியின் விகிதத்துக்கு உரிய கூடுதலைச் சேர்த்து அந்தத் தரத்தைக் கணக்கிடுவார்கள். 9 ஆட்டத்தில் 7 புள்ளி எடுத்தால் கூடுதல் 220. ஆகவே எதிராளிகளின் சராசரி 2380 இருந்தால் போதும். 6.5 புள்ளி என்றால் சராசரி 2434 வேண்டும். 6 என்றால் 2475. வெறும் 5 புள்ளிதான் எடுத்தார் என்றால் 2557 வேண்டும். சராசரி 2380-க்குக் கீழே போனால், ஒன்பதுக்கு ஒன்பதும் வென்றாலும் நார்ம் கிடையாது.

அதோடு எதிரே உட்கார்ந்தவர்கள் யார் என்ற நிபந்தனையும் உண்டு. ஒன்பது பேரில் குறைந்தது மூன்று பேர் கிராண்ட்மாஸ்டர்கள்; பாதிக்குக் குறையாதவர்கள் பட்டம் பெற்றவர்கள்; சொந்த நாட்டைத் தவிர இன்னும் இரண்டு நாட்டுக்காரர்களாவது; சொந்த நாட்டவர் ஐந்தில் மூன்று பங்கைத் தாண்டக் கூடாது. சில வகைப் போட்டிகளுக்கு இந்த நாட்டு விதியில் தளர்வு உண்டு. நார்ம் நழுவுவது பெரும்பாலும் இங்கேதான். சமமான புள்ளி எடுத்தவர்களைச் சுற்றுக்குச் சுற்று மோதவிடும் ஸ்விஸ் முறைப் போட்டியில் அடுத்த சுற்றில் யார் வருவார் என்பது நம் கையில் இல்லை. ஏழாம் சுற்றுவரை அருமையாக ஆடியவருக்கு எட்டிலும் ஒன்பதிலும் இந்தியர்களே அமைந்து, வெளிநாட்டவர் எண்ணிக்கை குறைந்து நார்ம் போனதுண்டு. அதனால்தான் நம் வீரர்கள் செர்பியா, ஹங்கேரி, ஸ்பெயின் என்று பறக்கிறார்கள்.

சர்வதேச மாஸ்டர் பட்டத்துக்கு இதே அமைப்பு, எண்கள் மட்டும் குறைவு: ரேட்டிங் 2400, நார்ம் தரம் 2450, எதிராளிகளின் சராசரி 2230. ஃபிடே மாஸ்டர் பட்டத்துக்கு நார்ம் தேவையில்லை, 2300-ஐத் தொட்டால் போதும். கேண்டிடேட் மாஸ்டருக்கு 2200.

நார்ம் மூன்றும் அடுத்தடுத்துக் கிடைத்துவிடுமா?

சிலருக்குச் சில மாதங்களில் கிடைக்கும். நமக்குப் பக்கத்து ஊரான நாகர்கோவிலில் பிறந்த ஷ்யாம் நிகிலைப் பாருங்கள். 2012-லேயே 2500 ரேட்டிங்கும் இரண்டு நார்மும் அவர் கையில் இருந்தன. மூன்றாவது நார்ம் 2024-ல் துபாயில்தான் வந்தது. இந்தியாவின் 85-ஆவது கிராண்ட்மாஸ்டர் ஆனார். நடுவில் பன்னிரண்டு ஆண்டு. அந்தக் காலம் முழுக்க ஆடிக்கொண்டே இருந்தார் என்பதை நாங்கள் எந்தச் சாதனைக்கும் குறைவாக மதிப்பதில்லை. பிள்ளைகளுக்குச் சொல்ல குகேஷ் கதை அளவுக்கு இதுவும் வேண்டும்.

நார்ம் இல்லாமல் நேரடியாகப் பட்டம் கிடைக்குமா?

கிடைக்கும், சில பெரிய போட்டிகளை வென்றால். 2025 ஜூலையில் ஜார்ஜியாவின் பாத்தூமியில் மகளிர் உலகக் கோப்பையை வென்ற திவ்யா தேஷ்முக் அப்படித்தான் கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

பெண்களுக்குத் தனிப் பட்டம் எதற்கு? அது குறைவானதா?

மகளிர் கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு ரேட்டிங் 2300, நார்ம் தரம் 2400. கிராண்ட்மாஸ்டர் பட்டத்தைவிடக் கீழ்ப்படி என்பது உண்மை. ஆனால் முழு கிராண்ட்மாஸ்டர் பட்டம் ஆண்களுக்கு மட்டும் உரியதல்ல. பெண்கள் அதே நிபந்தனையில் அதையும் பெறலாம், பொதுப் பிரிவிலும் ஆடலாம். இந்த வேறுபாடு தெரியாமல் பள்ளி விழா அழைப்பிதழ்களில் இரண்டையும் ஒன்றாக அச்சிடுகிறார்கள்.

இந்தியாவின் முதல் மகளிர் கிராண்ட்மாஸ்டர் எஸ். விஜயலட்சுமி, 2001-ல். அடுத்த ஆண்டே கோனேரு ஹம்பி 15 வயதில் முழு கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்றார். ஹரிகா, வைஷாலி, திவ்யா ஆகியோர் பின்னால் வந்தார்கள். வைஷாலியும் தம்பி பிரக்ஞானந்தாவும் உலகிலேயே முதல் அக்காள்-தம்பி கிராண்ட்மாஸ்டர் இணை. ஹங்கேரியின் ஜூடித் போல்கர் மகளிர் உலகப் பட்டத்துக்கு ஆடவே இல்லை. பொதுப் பிரிவிலேயே ஆடி 2735 ரேட்டிங்கும் உலகின் எட்டாம் இடமும் கண்டார். பெண் பிள்ளை வைத்திருப்பவர்களுக்கு எங்கள் யோசனை: மாணவியர் பிரிவு இருந்தாலும், ஆண்டில் பெரும்பாலான போட்டிகளைப் பொதுப் பிரிவிலேயே ஆட விடுங்கள். காரணம் மேலே சொன்ன ரேட்டிங் கணக்குதான்.

ஆனந்த் ஐந்து முறை உலக சாம்பியன் என்கிறார்கள். 2000-ஐச் சேர்க்கலாமா என்று சிலர் சண்டை போடுகிறார்களே?

சண்டையின் வேர் 1993. அந்த ஆண்டு அன்றைய உலக சாம்பியன் ரஷ்யாவின் காஸ்பரோவும் இங்கிலாந்தின் நைஜல் ஷார்ட்டும் ஃபிடேயை விட்டு வெளியே போய்த் தனியாகப் பட்டப் போட்டி நடத்தினார்கள். அதிலிருந்து 2006 வரை உலகப் பட்டம் இரண்டாகப் பிரிந்து கிடந்தது. 1995-ல் நியூயார்க் உலக வர்த்தக மையத்தில் காஸ்பரோவிடம் ஆனந்த் 10.5–7.5 என்று தோற்றது தனிப்பிரிவின் பட்டத்துக்கு. 2000-ல் டெஹ்ரானில் நடந்த இறுதியில் ஷிரோவை 3.5–0.5 என்று வென்று பெற்றது ஃபிடே பட்டம், நாக்-அவுட் முறை. 2006-ல் ரஷ்யாவின் க்ராம்னிக்கும் பல்கேரியாவின் டோபலோவும் ஆடி இரண்டு கிளையும் ஒன்றானது.

அதன்பிறகு ஆனந்த் வென்றவை யாரும் கேள்வி கேட்க முடியாதவை. 2007 மெக்சிகோ நகரில் எட்டுப் பேர் தொடர். 2008 பானில் க்ராம்னிக்கை 6.5–4.5. 2010 சோஃபியாவில் டோபலோவை, அவர் சொந்த நாட்டிலேயே, 6.5–5.5. 2012 மாஸ்கோவில் கெல்ஃபாண்டுடன் 6–6 சமநிலை, பிறகு ரேபிட் எனப்படும் குறைந்த நேர ஆட்டங்களில் 2.5–1.5. 2013-ல் சென்னையில் கார்ல்சனிடம் பட்டத்தை இழந்தார்.

எங்கள் கணக்கில் ஐந்தும் ஐந்துதான். நாக்-அவுட், லீக், நேருக்கு நேர் என்று மூன்று வேறு முறைகளிலும் உலகப் பட்டம் வென்றவர் அவர் ஒருவரே. ஒவ்வொரு முறைக்கும் வேறு மாதிரி ஆட்டம் வேண்டும்: நாக்-அவுட்டில் ஒரு சறுக்கல் வீட்டுக்கு அனுப்பிவிடும், லீக்கில் கீழே உள்ளவர்களை வெல்லத் தெரிய வேண்டும், நேர் மோதலில் ஒரே எதிராளியின் ஆட்டத்தை மாதக்கணக்கில் ஆராய வேண்டும்.

அவருக்கு முன்னால் தமிழ்நாட்டில் யாருமே இல்லையா?

மானுவல் ஆரோன். 1961-ல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர், ஒன்பது முறை தேசிய சாம்பியன், சதுரங்கத்துக்காக அர்ஜுனா விருது பெற்ற முதல் ஆள். சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் இயங்கிய தால் செஸ் கிளப் அவர் முயற்சியில் வந்தது. சிறுவன் ஆனந்த் ஆடிப் பழகிய இடம் அது. மேல்தர எதிராளிகள் மாலைதோறும் கிடைக்கும் ஓர் அறை இருந்தால் என்ன நடக்கும் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம். 1988-ல் ஆனந்த் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார்.

உலகப் பட்டத்துக்கு ஆட ஒருவர் எப்படித் தகுதி பெறுகிறார்?

எட்டுப் பேர் ஆடும் கேண்டிடேட்ஸ் தொடரை வெல்ல வேண்டும். ஒவ்வொருவரும் மற்ற ஏழு பேரோடும் இரண்டு முறை, மொத்தம் 14 சுற்று. அந்த எட்டுப் பேருக்குள் வர உலகக் கோப்பை, கிராண்ட் ஸ்விஸ், ஆண்டு முழுவதும் போட்டிகளில் சேரும் ஃபிடே சர்க்யூட் புள்ளி என்று சில வழிகள்.

குகேஷ் சர்க்யூட் வழியாக வந்தார். 2023 டிசம்பரில் நடந்த சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸ் போட்டியில் முதலிடம் பெற்றது அந்தப் புள்ளிக்குப் பெரிய துணை. 2024 ஏப்ரலில் டொரண்டோவில் 14-க்கு 9 எடுத்து வென்றார். பிறகு சிங்கப்பூரில் சீனாவின் டிங் லிரெனுடன் 14 ஆட்டம். 7.5–6.5. கடைசி ஆட்டத்தில் கறுப்புக் காய்களோடு ஆடினார். ஒரு சிப்பாய் கூடுதல், ஆனாலும் எல்லோரும் டிரா என்றே நினைத்த நிலை. 55-ஆவது நகர்வில் டிங் தன் யானையை எஃப்2 கட்டத்துக்குக் கொண்டுவந்து மாற்றிக்கொள்ளக் கேட்டார். வெள்ளை மந்திரி ஏ8 மூலையில் நின்றது. யானைகள் போனதும் குகேஷ் தன் மந்திரியை டி5-ல் வைக்க, மந்திரிகளும் மாறித்தான் ஆக வேண்டும் என்றானது. மீதி ராஜாவும் சிப்பாயும் மட்டும். அந்த முடிவாட்டம் கறுப்புக்கு வெற்றி. 58-ஆவது நகர்வில் டிங் தோல்வியை ஒப்புக்கொண்டு கைகொடுத்தார். முடிவாட்டப் பாடத்தைச் சலிப்பு என்று தள்ளும் பிள்ளைகளுக்கு இந்த நான்கு நகர்வையும் பலகையில் வைத்துக் காட்டுங்கள்.

ஃபிஷரின் 2785 பெரிதா, கார்ல்சனின் 2882 பெரிதா?

எண்ணை எண்ணோடு ஒப்பிட்டால் தவறான விடைதான் வரும். ரேட்டிங் ஒரு காலத்தில் ஆடுபவர்களுக்குள் உள்ள இடைவெளியை அளக்கிறது. 1972-ல் அமெரிக்காவின் ஃபிஷர் 2785-ல் இருந்தபோது அன்றைய உலக சாம்பியன் ஸ்பாஸ்கி 2660-ல். அதற்கு முந்தைய ஆண்டு கேண்டிடேட்ஸ் மோதல்களில் தைமானோவை 6–0, லார்சனை 6–0 என்று வென்றிருந்தார். அந்த உயரத்தில் ஒரு டிராகூட இல்லாத முடிவு அது. கார்ல்சன் 2014 மே மாதம் 2882-ஐத் தொட்டார். கணினியின் துணையோடு எல்லோரும் நன்றாகத் தயாராகும் காலத்தில் அந்த உயரத்தை ஆண்டுக்கணக்கில் தக்கவைத்தார், ஐந்து முறை உலகப் பட்டம் வென்றார். தன் காலத்தவரை எவ்வளவு தூரம் விஞ்சினார், எவ்வளவு காலம் விஞ்சினார் என்ற இரண்டையும் தனித்தனியாகப் பாருங்கள். முதலாவதில் ஃபிஷர், இரண்டாவதில் காஸ்பரோவும் கார்ல்சனும் என்பது எங்கள் முடிவு.

பன்னிரண்டு வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆகாவிட்டால் காலம் கடந்துவிட்டதா?

இல்லை. குகேஷ் 12 வயது 7 மாதத்திலும், பிரக்ஞானந்தா 12 வயது 10 மாதத்திலும், அமெரிக்காவின் அபிமன்யு மிஸ்ரா 12 வயது 4 மாதத்திலும் பட்டம் பெற்றார்கள். செய்தி ஆவது இவர்கள்தான். ஆனந்த் பட்டம் பெற்றபோது 18 வயது. டிங் லிரென் 16. வைஷாலி 22. ஹம்பி உலக ரேபிட் பட்டத்தை 32 வயதில் ஒருமுறையும் 37 வயதில் இன்னொரு முறையும் வென்றார். ஆனந்த் 48 வயதில் உலக ரேபிட் சாம்பியன்.

சிறு வயதில் தொடங்கினால் ஆதாயம் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் எட்டாம் வகுப்புப் பிள்ளை 1500-ல் இருக்கிறது என்று மனம் தளர்ந்து நிறுத்துவது அவசரம். ஆண்டுக்கு ஆண்டு எதிராளிகளின் சராசரி ரேட்டிங் ஏறுகிறதா என்று பாருங்கள். அது ஏறிக்கொண்டிருந்தால் பாதை சரி.

பாளையங்கோட்டையில இருந்துக்கிட்டே இதெல்லாம் முடியுமா? சென்னைக்குக் குடிபோகணுமா?

உடனே போக வேண்டியதில்லை. 2018, 2019 தேசிய சாம்பியனும் 2024 சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸ் வெற்றியாளருமான அரவிந்த் சிதம்பரம் மதுரை திருநகர்க்காரர். இனியன் ஈரோடு. கார்த்திகேயன் முரளி தஞ்சாவூர். மதுரைக்கும் நாகர்கோவிலுக்கும் நடுவில் இருக்கும் நமக்கு மட்டும் முடியாது என்பதற்குக் காரணம் கிடையாது. ஆனால் பயணத்துக்கு ஒரு திட்டம் வேண்டும்.

பதிவில் தொடங்குங்கள். மாவட்ட சதுரங்கக் கழகம், மாநிலக் கழகம், அகில இந்திய சதுரங்கக் கூட்டமைப்பு என்று அடுக்கு. அகில இந்தியப் பதிவுக்குப் பிறப்புச் சான்றிதழ் அவசியம். நம் ஊர் இனிஷியல் முறையால் இங்கே ஒரு சிக்கல் வரும்: சான்றிதழில் "எஸ். முத்துக்குமார்", பாஸ்போர்ட்டில் அப்பா பெயரும் சேர்ந்து விரிவாக, போட்டிப் படிவத்தில் வேறு மாதிரி. ஒரே பிள்ளைக்கு இரண்டு ஃபிடே எண் உருவாகி, ஆட்டங்கள் இரண்டாகப் பிரிந்து போகும். தொடக்கத்திலேயே பாஸ்போர்ட்டில் எப்படி வருமோ அப்படியே எல்லா இடத்திலும் எழுதுங்கள்.

வயதுப் பிரிவு ஜனவரி 1-ஐ வைத்துக் கணக்கிடப்படும். தேசிய அளவில் 7, 9, 11, 13 என்று ஒற்றைப்படை வயதுகள். உலக அளவில் 8, 10, 12, 14 என்று இரட்டைப்படை. இந்த ஆண்டு 9 வயதுக்குட்பட்ட தேசியப் போட்டியில் தேர்வாகும் பிள்ளை அடுத்த ஆண்டு 10 வயதுக்குட்பட்ட உலகப் போட்டிக்குப் போகும்.

முதல் ரேட்டிங் வர, ரேட்டிங் உள்ள ஐந்து பேரோடு ஆட வேண்டும். ஒரே போட்டியில் ஆக வேண்டியதில்லை, 26 மாதத்துக்குள் சேர்ந்தால் போதும். முதல் போட்டியில் ஒரு டிராவாவது எடுத்திருக்க வேண்டும். பூஜ்யம் என்றால் அது கணக்கில் வராது. 2024 மார்ச்சில் இருந்து ரேட்டிங்கின் கீழ்வரம்பு 1400. கணக்கு அதற்குக் கீழே போனால் பட்டியலில் பெயர் வராது. அதனால் நகர்வுகளை எழுதிப் பழகாத, முடிவாட்டம் தெரியாத பிள்ளையை அவசரப்பட்டு ரேட்டிங் போட்டிக்கு அனுப்பாதீர்கள். முதலில் உள்ளூர் ஒருநாள் போட்டிகள். பள்ளிக் குழுக்களில், முதலமைச்சர் கோப்பையில் ஆடட்டும்.

ரேட்டிங் வந்ததும் மதுரை, திருவனந்தபுரம் இரண்டையும் சொந்த ஊராக நினையுங்கள். இரண்டுமே சுமார் 150 கிலோமீட்டர். கேரளப் போட்டியில் ஆடினாலும் ரேட்டிங் அதே ரேட்டிங்தான். சென்னைப் போட்டி என்றால் நெல்லை எக்ஸ்பிரஸில் இரவு முழுக்க வந்து, எழும்பூரில் இறங்கி, நேராக முதல் சுற்றில் உட்கார வைக்காதீர்கள். ஒருநாள் முன்னதாக வந்தே பாரத்தில் போய், இரவு தூங்கி எழுந்து ஆடட்டும். ஒரு நாளில் இரண்டு கிளாசிகல் ஆட்டம் என்றால் ஏழெட்டு மணி நேரம் பலகை முன்னால் இருக்க நேரும். தூக்கம் இல்லாத பிள்ளை இரண்டாவது ஆட்டத்தின் நான்காவது மணியில் தவறு செய்யும்.

போட்டியில் பிள்ளைகள் வீணாகத் தோற்பது எதனால்?

ஆட்டம் தெரியாமல் தோற்பது ஒரு பக்கம். விதி தெரியாமல் தோற்பதைத் தடுக்க முடியும்.

தொட்ட காயை ஆட வேண்டும். கேஸ்லிங் (ராஜாவையும் யானையையும் ஒரே நகர்வில் நகர்த்துவது) செய்யும்போது முதலில் ராஜாவைத் தொட வேண்டும், அதுவும் ஒரே கையால். யானையை முதலில் தொட்டால் அந்த யானையோடு கேஸ்லிங் அப்போது கிடையாது.

சிப்பாய் கடைசி வரிசைக்குப் போய் ராணி ஆகும்போது, ராணி கையருகே இல்லையென்று யானையைக் கவிழ்த்து வைத்து "இது ராணி" என்பார்கள். விதிப்படி அது யானை. கடிகாரத்தை நிறுத்தி நடுவரிடம் ராணி கேட்க வேண்டும். சிப்பாயை மாற்றாமலே கடிகாரத்தை அழுத்தினால் விதிமீறிய நகர்வு: கிளாசிகலில் முதல் முறை எதிராளிக்கு இரண்டு நிமிடம் கூடும், இரண்டாம் முறை ஆட்டம் தோல்வி.

ஒரே நிலை மூன்று முறை வந்தால் டிரா கேட்கலாம். ஆனால் மூன்றாம் முறை வரப்போகும் நகர்வைப் பலகையில் ஆடிவிட்டுக் கேட்டால் செல்லாது. நகர்வைத் தாளில் எழுதி, கடிகாரத்தை நிறுத்தி, நடுவரை அழைத்துச் சொல்ல வேண்டும். டிரா கிடைத்திருக்க வேண்டிய நிலையில் இதைத் தப்பாகச் செய்து, குழம்பி, நேரம் போய்த் தோற்பது வழக்கமாக நடக்கிறது.

கைப்பேசி உடம்பில் இருந்தாலே ஆட்டம் போய்விடும். அணைத்து வைத்திருந்தேன் என்பது எடுபடாது.

"சர்வதேசப் போட்டியில் தங்கம்" என்று பேனர் வைக்கிறார்களே, அதன் மதிப்பை எப்படித் தெரிந்துகொள்வது?

"சர்வதேச" என்ற அடைமொழியை எந்தப் போட்டிக்கும் வைக்கலாம். கட்டணம் கட்டினால் யாரும் சேரக்கூடிய போட்டிகளும் அதில் உண்டு, தேசியத் தேர்வு மூலம் மட்டுமே போகக்கூடிய உலக, ஆசியப் போட்டிகளும் உண்டு. ஃபிடே இணையதளத்தில் வீரரின் பெயரை இட்டுத் தேடுங்கள். பட்டம், கிளாசிகல், ரேபிட், அதைவிட வேகமான பிளிட்ஸ் என்ற மூன்று ரேட்டிங், ஒவ்வொரு மாதமும் யாருடன் ஆடி என்ன ஏறியது என்ற விவரம் எல்லாம் இலவசமாகக் கிடைக்கும். பயிற்சியாளரைச் சேர்க்கும் முன்னும் இதையே செய்யுங்கள். கிளாசிகல் ரேட்டிங்கையும் பிளிட்ஸ் ரேட்டிங்கையும் கலந்து சொல்கிறவர்கள் இருக்கிறார்கள்.

இதை வைத்துப் பிழைக்க முடியுமா?

பரிசுப் பணத்தை மட்டும் நம்பி வாழ்கிறவர்கள் உலகில் மிகச் சிலர். 2024 உலகப் பட்டப் போட்டியின் பரிசுத் தொகை 25 லட்சம் டாலர். வெற்றிக்கு 2 லட்சம், மீதி சமபங்கு. மூன்று ஆட்டம் வென்ற குகேஷுக்கு 13.5 லட்சம், இரண்டு ஆட்டம் வென்ற டிங்குக்கு 11.5 லட்சம். அது உச்சி. உச்சிக்குச் சற்றுக் கீழே உள்ளவர்களுக்கு ஐரோப்பிய லீக் அணிகள், பெரிய வீரர்களுக்குத் தயாரிப்பில் உதவும் வேலை. ஆனந்தின் 2010 குழுவில் கொல்கத்தாவின் சூர்ய சேகர் கங்குலி இருந்தார். ஆனந்துக்கு உதவிய போலந்தின் கயேவ்ஸ்கி பின்னர் குகேஷுக்கு உதவினார்.

நம் பிள்ளைகளுக்கு நெருக்கமான வழிகள்: ரயில்வே, இந்தியன் ஆயில் போன்ற பொதுத்துறை நிறுவனங்களின் விளையாட்டு வீரர் நியமனம், தமிழ்நாடு அரசுப் பணியில் விளையாட்டு வீரர்களுக்கான 3 சதவீத ஒதுக்கீடு, கல்லூரி விளையாட்டுப் பிரிவு இடம். இவற்றுக்குப் பரிசுக் கோப்பை உதவாது, அங்கீகரிக்கப்பட்ட போட்டியின் சான்றிதழ்தான் கேட்பார்கள். தாளைத் தொலைக்காமல் வையுங்கள். பயிற்சியாளர், நடுவர் என்ற வழிகளும் நிலையானவை. 2002 பிரிட்டிஷ் சாம்பியன் ஆர்.பி. ரமேஷ் பயிற்சியாளராக மாறியதால்தான் பிரக்ஞானந்தாவுக்கும் வைஷாலிக்கும் அப்படி ஓர் ஆசான் கிடைத்தார்.

பெரிய வீரர்களின் ஆட்டங்களை வீட்டில் எப்படிப் படிப்பது?

கைப்பேசியில் அல்ல, மரப்பலகையில். ஒரு ஆட்டத்தின் நகர்வுகளைத் தாளில் எடுத்துக்கொண்டு, வென்றவர் பக்கம் உட்காருங்கள். முதல் பத்துப் பன்னிரண்டு நகர்வை அப்படியே வையுங்கள். அதன்பின் அடுத்த நகர்வை அட்டையால் மூடி, பிள்ளை தன் நகர்வை எழுதட்டும். ஐந்து நிமிடம்வரை யோசிக்கலாம். ஏன் அந்த நகர்வு என்று ஒரு வரி. பிறகு அட்டையை நகர்த்திப் பார்க்கட்டும். ஒரு ஆட்டத்துக்கு இரண்டு மணி நேரம் ஆகும். வாரத்துக்கு இரண்டு ஆட்டம் போதும்.

சிறந்த நகர்வைக் கணக்கிட்டுச் சொல்லும் கணினி எஞ்சினை எல்லாம் முடிந்த பிறகே திறக்க வேண்டும், அதுவும் பிள்ளை எழுதியதும் வீரர் ஆடியதும் வேறுபட்ட இடங்களில் மட்டும். குகேஷைக் கிராண்ட்மாஸ்டர் நிலைக்கு அருகே வரும்வரை எஞ்சின் பக்கம் விடாமல் வளர்த்தார் அவர் பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா. எஞ்சினை முதலில் திறந்தால் விடை கிடைக்கும், தேடும் பழக்கம் வராது.

1400–1700 ரேட்டிங்கில் இருப்பவர் பழைய உலக சாம்பியன் காபாப்ளாங்காவின் முடிவாட்டங்களில் தொடங்கலாம். காய் குறைவு, எண்ணம் தெளிவு. அடுத்து 1971-ல் ஃபிஷர் ஆடிய கேண்டிடேட்ஸ் ஆட்டங்கள். தாக்குதல் பிடித்த பிள்ளைக்கு 1999-ல் நெதர்லாந்தின் வைக் ஆன் ஜீ ஊரில் காஸ்பரோவ் டோபலோவை வென்ற ஆட்டம், 2013-ல் அதே ஊரில் ஆனந்த் கறுப்பாக அரோனியனை வென்ற ஆட்டம். அந்த ஆனந்த் ஆட்டம் 23 நகர்வுதான், ஆனால் ஒரு முழு ஞாயிற்றுக்கிழமையை எடுத்துக்கொள்ளும். 2024 சிங்கப்பூர் ஆட்டங்களைக் கடைசியாக வையுங்கள். 1800 வரும் முன் அவற்றின் தொடக்க நகர்வுகள் புரியாது, புரியாததை மனப்பாடம் செய்யத் தோன்றும்.